கியாரு நாயகியை ஏன் இத்தனை பேருக்குப் பிடிக்கிறது?

ஜப்பானியச் சித்திரக்கதைகளுக்கு மாங்கா என்று பெயர். பள்ளிக் காதல் மாங்காக்களில் நான்கைந்தைப் புரட்டினால் ஒன்றிலாவது இந்தப் பெண் எதிர்ப்படுவாள். கூந்தலுக்குப் பொன்னிறச் சாயம், கல் பதித்த நீண்ட நகங்கள், காதில் வரிசையாக வளையங்கள். சீருடைப் பாவாடையின் நீளம் தலைமை ஆசிரியரின் பொறுமையைச் சோதிக்கும். கடைசி வரிசையில் தோழிகளோடு உரக்கச் சிரித்துக்கொண்டிருப்பவள் திடீரென எழுந்து வருவாள். வகுப்பில் யாரும் பேச்சுக் கொடுக்காத பையனின் மேசைமேல் கையூன்றி, அவன் அவசரமாக மறைக்கும் நோட்டை எட்டிப் பார்ப்பாள். "இதை நீயா வரைந்தாய்? பிரமாதமாக இருக்கிறதே!" என்பாள். பையனுக்கு வியர்க்கும். கதை தொடங்கிவிடும்.

இந்தப் பாத்திர வகைக்குக் கியாரு என்று பெயர். அனிமே என்ற ஜப்பானிய அசைபடங்களைப் பார்ப்பவர்களுக்கு ட்சுன்டெரே தெரிந்திருக்கும்: உள்ளே அன்பு, வெளியே சிடுசிடுப்பு. அது ரசிகர்கள் ஒரு குணத்துக்குக் கட்டிய பெயர். அப்படி ஒரு கூட்டம் எந்தத் தெருவிலும் திரிந்ததில்லை. கியாரு தெருவில் திரிந்தவள். கதைக்குள் நுழையும் முன்பே அவளுக்கு ஓர் ஊர் இருந்தது, ஒரு காலம் இருந்தது, கெட்ட பெயரும் இருந்தது. அந்தக் கெட்ட பெயரை விட்டுவிட்டு அவளுடைய கவர்ச்சியைப் பேச முடியாது என்பது என் கருத்து. கூந்தலும் நகமும் இரண்டாம் பட்சம்.

ஊர், டோக்கியோவின் ஷிபுயா. ரயில் நிலையத்திலிருந்து நடக்கும் தொலைவில், உருளை வடிவக் கோபுரத்தோடு 109 என்ற வணிக வளாகம் நிற்கிறது. திறந்தது 1979இல் என்றாலும், 1990களின் நடுவில்தான் அது பதின்பருவப் பெண்களின் கோட்டையானது. அங்கே துணி விற்ற பெண்களே பத்திரிகையில் படம் வரும் அளவுக்குப் புகழ் பெற்றார்கள். ஒகினாவாவிலிருந்து வந்த பாடகி நாமியே அமுரோ அப்போது உச்சத்தில் இருந்தார். அவரைப் போலவே பழுப்புக் கூந்தல், மெல்லிய புருவம், குட்டைப் பாவாடை, தடித்த அடியுள்ள பூட்ஸ் என்று உலவிய பெண்களை 'அமுரா' என்று அழைத்தார்கள். 1996இல் ஜப்பானியர் வாயில் அதிகம் புழங்கிய சொற்களில் அதுவும் ஒன்று. 1995இல் தொடங்கிய 'எக்' என்ற இதழ் ஷிபுயா தெருவில் போகும் சாதாரணப் பெண்களைப் படம்பிடித்துத் தன் பக்கங்களை நிரப்பியது. பள்ளி மாணவிகள் கணுக்காலில் மடிப்பு மடிப்பாகச் சரியும் வெள்ளைக் காலுறைகளை அணிந்து, அவை நழுவிவிடாமல் இருக்கக் காலில் பசை தடவிக்கொண்டார்கள். பேஜரில் எண்களைக் கொண்டே செய்தி எழுதினார்கள். 1995இல் அறிமுகமான புரிகுரா இயந்திரங்களில் தோழிகளோடு நெருக்கியடித்து நின்று ஸ்டிக்கர் படம் எடுத்து நோட்டு நிறைய ஒட்டினார்கள்.

அடுத்து நடந்ததுதான் பெரியவர்களை நிலைகுலைய வைத்தது. 'வெண்மை ஏழு குறைகளை மறைக்கும்' என்பது ஜப்பானியப் பழமொழி. அந்த நாட்டில், இந்தப் பெண்கள் காசு கொடுத்துத் தோலைக் கறுக்க வைத்துக்கொண்டார்கள். அதற்கென்றே கருவிகள் வைத்த நிலையங்கள் இருந்தன. 2000ஐ ஒட்டிய ஆண்டுகளில் கங்குரோ என்ற எல்லைவரை போனார்கள்: முகம் முழுக்கக் கறுப்பு, கண்ணைச் சுற்றியும் உதட்டிலும் வெள்ளை. இதை எந்த ஆணும் விரும்பி ரசிக்க வேண்டும் என்று அவர்கள் செய்யவில்லை. ஆண்கள் பலர் முகம் சுளித்தார்கள். தோழிகள் கைதட்டினார்கள். அவர்களுக்கு அது போதுமானதாக இருந்தது.

பத்திரிகைகளுக்கும் தொலைக்காட்சிக்கும் நல்ல தீனி கிடைத்தது. பணத்துக்காக வயதான ஆண்களோடு பழகும் பள்ளி மாணவிகள் பற்றி அந்தப் பத்தாண்டில் ஓயாமல் செய்திகள் வந்தன. அதற்கான முத்திரை சாயம் பூசிய கூந்தல்மீது விழுந்தது. காசு கொடுத்த ஆண்களைப் பற்றிய கவலை அவ்வளவாகக் கேட்கவில்லை. இதே காலத்தில் இன்னொரு கூட்டமும் தலைகுனிந்து நடந்துகொண்டிருந்தது. 1989இல் சிறுமிகளைக் கொன்ற ஒருவன் கைதானபோது, அவன் அறையில் குவிந்திருந்த வீடியோ நாடாக்களின் படம் நாடெங்கும் பரவியது. அனிமே, மாங்கா என்று மூழ்கிக் கிடக்கும் ஒவ்வொரு இளைஞனும் ஆபத்தானவன் என்று பேச்சு கிளம்பியது. அப்படிப்பட்டவர்களைக் குறிக்கும் ஓடாகு என்ற பெயரைச் சொல்லவே வெட்கப்படும் நிலை வந்தது.

ஆக, 1990களின் ஜப்பானியப் பத்திரிகைகளில் இளைய தலைமுறையின் வில்லன் ஒருவன், வில்லி ஒருத்தி. அவன் டோக்கியோவின் அனிமே கடைத்தெருவான அகிஹபாராவில் அலைந்தான், அவள் ஷிபுயாவில் அலைந்தாள். இரண்டு பேரும் ஒருவரையொருவர் வெறுத்ததாகத்தான் எல்லோரும் நம்பினார்கள். இன்றைய கியாரு காதல் கதை இந்த இருவரையும் ஒரே மேசையில் உட்கார வைக்கிறது. ஒருவரை ஒருவர் விரும்புவதற்கு முன்பே அவர்களுக்குள் ஓர் ஒற்றுமை இருக்கிறது: பிடித்ததைச் செய்ததற்காக இருவருமே பேச்சு வாங்கியிருக்கிறார்கள்.

ஜப்பானியப் பள்ளி விதிகள் தெரியாவிட்டால் அவளுடைய கூந்தல் ஏன் அத்தனை பெரிய செய்தி என்பது புரியாது. பல பள்ளிகளில் தலைமுடி கறுப்பாகவே இருக்க வேண்டும் என்று விதி. பிறவியிலேயே பழுப்பு முடி கொண்டவள் கறுப்புச் சாயம் பூசிக்கொண்டு வர வேண்டும் என்று கட்டாயப்படுத்தப்பட்டதாக ஒசாகா மாகாணத்தில் ஒரு மாணவி 2017இல் வழக்குத் தொடுத்தார். 2021இல் தீர்ப்பு வந்தது. விதி சரிதான் என்ற நீதிமன்றம், வகுப்பறையிலிருந்து அவருடைய மேசையை அகற்றியதும் பட்டியலிலிருந்து பெயரை நீக்கியதும் தவறு என்று 3,30,000 யென் இழப்பீடு வழங்கச் சொன்னது. டோக்கியோ மாநகரப் பள்ளிகள் இத்தகைய முடி விதிகளைக் கைவிட்டது 2022 ஏப்ரலில்தான். இந்தப் பின்னணியில், பொன்னிறக் கூந்தலோடு வகுப்பில் உட்கார்ந்திருக்கும் பெண் தினமும் காலையில் ஒரு முடிவெடுத்துவிட்டு வருகிறாள். வாசகருக்கு அவளைப் பற்றி வேறு எதுவும் சொல்லத் தேவையில்லை. முதல் கட்டத்திலேயே அவளுக்கு முதுகெலும்பு உண்டு என்பது தெரிந்துவிடுகிறது.

வகுப்பறைக்குள் எழுதப்படாத படிநிலை ஒன்றும் உண்டு. ஜப்பானியர் அதை ஆங்கிலச் சொல்லை வைத்து 'ஸ்கூல் காஸ்ட்' என்றே சொல்கிறார்கள். நமக்குச் சுருக்கென்று படும். மேலே கலகலப்பானவர்கள், கீழே ஒதுங்கியவர்கள். இரண்டு தட்டுக்காரர்களும் சகஜமாகப் பேசிக்கொள்வதில்லை. கியாரு மேல்தட்டுக்காரி, நாயகன் கீழ்த்தட்டு. அவள் இறங்கி வருகிறாள் என்பதே முதல் சிலிர்ப்பு.

இதற்கெல்லாம் ஒரு நல்ல எடுத்துக்காட்டு வேண்டுமென்றால், ஷின்இச்சி ஃபுகுடா 2018இல் தொடங்கி 2025இல் முடித்த 'மை டிரெஸ்-அப் டார்லிங்'. 2022இல் அனிமேயாக வந்தபிறகு உலகம் முழுக்க இந்த வகைக்கு முகமாகிவிட்டவள் அதன் நாயகி மரின் கிதகவாதான். நாயகன் வகானா கோஜோ, சைதாமா மாகாணத்தின் இவாட்சுகியில் ஹினா என்ற மரபுப் பொம்மைகள் செய்யும் தாத்தாவிடம் வளர்கிறான். பொம்மை முகங்களுக்கு வண்ணம் தீட்டும் கலைஞனாக வேண்டும் என்பது அவன் கனவு. சிறு வயதில் இதை அறிந்த ஒரு தோழி, ஆண்பிள்ளைக்குப் பொம்மையா என்று அருவருத்துக் கத்திவிட்டுப் போனாள். அன்றிலிருந்து அவன் யாரிடமும் வாய் திறப்பதில்லை. பள்ளித் தையல் அறையில் பொம்மைக்கு உடை தைத்துக்கொண்டிருக்கும்போது மரின் உள்ளே வந்துவிடுகிறாள்.

அவள் கேலி செய்வாள் என்று அவன் நடுங்குகிறான். அவளோ அவனுக்குத் தையல் தெரியும் என்பதில் துள்ளுகிறாள், ஏனென்றால் அவளிடமும் ஓர் ஆசை இருக்கிறது: தனக்கு உயிரான கணினி விளையாட்டுப் பாத்திரம்போல வேடம் கட்ட வேண்டும். தானே தைத்த உடையை அணிந்துகாட்டி, உண்மையைச் சொல் என்கிறாள். அவன் உண்மையைச் சொல்கிறான், ஒரு தையல்காரனுக்குரிய இரக்கமின்மையோடு, குறை குறையாக. அவள் கோபித்துக்கொள்வதில்லை. இருவரும் முதன்முதலாகச் சமமாவது அந்த இடத்தில். இந்தக் கதையின் புத்திசாலித்தனம் எனக்கு மிகவும் பிடித்தது இதனால்தான்: முகத்தில் வண்ணம் தீட்டுவது அவனுக்குத் தொழில், அவளுக்குத் தினசரி வழக்கம். கண்ணிமையை ஒட்டுவதற்கும் நிழல் பூசுவதற்கும் கை நடுங்காத பயிற்சி வேண்டும் என்பது கோஜோவுக்குத் தெரியும். ஊர் 'அலங்காரப் பைத்தியம்' என்று தள்ளிய ஒன்றை அவன் கைவேலையாகப் பார்க்கிறான். ஊர் 'பெண்பிள்ளை விளையாட்டு' என்று தள்ளியதை அவளும் அப்படியே பார்க்கிறாள்.

'அழகு' என்ற சொல்லை அவன் எளிதில் சொல்லமாட்டான். மனதின் அடியிலிருந்து தோன்றினால் மட்டுமே சொல்ல வேண்டும் என்று வைத்திருக்கிறான். அவள் கேட்டும் சொல்லாதவன், முதல் வேட நிகழ்ச்சி முடிந்து ரயிலில் திரும்பும்போது, பல இரவுகள் கண்விழித்த களைப்பில், அரைத்தூக்கத்தில் அதைச் சொல்லிவிடுகிறான். அதுவரை வாய் ஓயாமல் பேசிவந்த மரினுக்கு அப்போதுதான் பேச்சு அடைக்கிறது. அவளுக்கு அவன்மேல் காதல் வந்துவிட்டது என்று அந்த முகத்தைப் பார்த்தே நமக்குத் தெரிகிறது. கியாரு கதைகளின் இரண்டாவது சிலிர்ப்பு இதுதான்: துணிச்சல்காரி தடுமாறும் நொடி.

கதைசொல்லியின் பக்கத்திலிருந்து பார்த்தாலும் அவள் ஒரு வரம். ஜப்பானியப் பள்ளிக் காதல் கதைகளை நீட்டுவது மௌனம். உறவு தொடங்க யாராவது ஒருவர் "உன்னை விரும்புகிறேன், என்னோடு பழகுவாயா?" என்று முறைப்படி சொல்ல வேண்டும். அந்த வாக்கியம் வருவதற்குள் பத்துத் தொகுதிகள் ஓடிவிடும். பெயர் சொல்லி அழைப்பதற்கே ஒரு தொகுதி ஆகும், ஏனென்றால் குடும்பப் பெயரிலிருந்து சொந்தப் பெயருக்கு மாறுவதே பெரிய படி. சூழலின் 'காற்றை வாசிக்க' தெரியாதவரைக் கேலி செய்யும் 'கேஒய்' என்ற சுருக்கம் 2007இல் நாடெங்கும் புழங்கியது. சொல்லாமலே புரிந்துகொள்ள வேண்டும் என்பது அங்கே அத்தனை பெரிய கடமை. நம் அகப்பாடல்களில் தலைவியின் நெஞ்சத்தைத் தோழி எடுத்துச் சொல்வாள் அல்லவா? கியாரு தனக்குத் தானே தோழி. பார்த்த அன்றே செல்லப்பெயர் வைப்பாள், பசித்தால் பசிக்கிறது என்பாள், நன்றாக இருந்தால் நன்றாக இருக்கிறது என்பாள். பத்துத் தொகுதிகள் இழுக்க வேண்டிய பனி ஒரே அத்தியாயத்தில் உருகும். அதன்பின் கதாசிரியர் வேறு சிக்கல்களைத் தேடியாக வேண்டும், பெரும்பாலும் அவை சுவையான சிக்கல்கள்.

அவளுக்குக் காற்றை வாசிக்கத் தெரியாது என்று நினைத்துவிடக் கூடாது. நன்றாக எழுதப்பட்ட கியாரு வகுப்பிலேயே கூர்மையான வாசகி. யார் ஒதுக்கப்படுகிறார்கள், யார் சிரிப்பு போலி என்று அவளுக்குத் தெரியும். அந்தக் காற்றுக்கு அடங்கிப்போக மறுக்கிறாள், அவ்வளவே. சோம்பலாக எழுதும் ஆசிரியர்கள் இதைத் தவறவிட்டு அவளை வெறும் வெகுளியாக்கிவிடுகிறார்கள்.

இனிக் குறைகள். ரசிகர்களே உருவாக்கிய ஒரு தொடர் இணையத்தில் உலவுகிறது: 'ஓடாகுவிடம் அன்பாக இருக்கும் கியாரு'. இதைச் சொன்னதும் யாராவது "அப்படி ஒருத்தி கிடையவே கிடையாது" என்று பதில் சொல்வார்கள். அந்தச் சச்சரவையே தலைப்பாக்கி ஒரு மாங்காவும் வந்துவிட்டது. குற்றச்சாட்டு நியாயமானது. கூச்சக்காரப் பையன் ஒரு துரும்பையும் கிள்ளிப் போடாமல், அழகி தானாக வந்து அவன் நல்ல மனதைக் கண்டுபிடித்துப் பாராட்டுவது சோம்பேறிக் கனவு. உடலைக் காட்டுவதற்காகவே வரையப்பட்ட கட்டங்களும் இந்த வகையில் மிக அதிகம். மரின் கதையும் இதற்கு விலக்கில்லை.

எனக்கு இன்னும் உறுத்துவது வேறொன்று. தோற்றத்தை வைத்து 'பழகியவள்' என்று எல்லோரும் நினைக்கும் கியாரு, நெருங்கிப் பார்த்தால் கைபிடிக்கவே வெட்கப்படும் அப்பாவி என்று பல கதைகளில் தெரியவரும். எதிர்பார்ப்புக்கும் உண்மைக்கும் இடையிலுள்ள இந்த வேறுபாட்டைத்தான் ஜப்பானிய ரசிகர்கள் 'கேப் மோயே' என்று கொண்டாடுகிறார்கள். ரசிக்கத்தக்கதுதான். ஆனால் அதன் அடியில் பழைய கணக்கு ஒன்று ஓடுகிறது: எப்படி வேண்டுமானாலும் உடுத்து, ஆனால் உள்ளே நாங்கள் விரும்பும் தூய்மையோடு இரு. உடையை வைத்து எடை போடாதே என்று தொடங்கிய கதை, அவள் 'நல்ல பெண்' என்று சான்றிதழ் கொடுத்துத்தான் அவளை ஏற்கிறது. ஏற்கெனவே காதலர்கள் இருந்திருக்கிறார்கள், அதனால் என்ன, என்று கேட்கும் கதைகளும் அண்மையில் வருகின்றன. எனக்கு அவற்றின்மீதுதான் மதிப்பு அதிகம்.

பெண்கள் தங்களுக்காக எழுதியபோது இந்தக் கணக்கு வேறாக இருந்தது. 1997இல் மிவா உவேதா தொடங்கிய 'பீச் கேர்ள்' தொடரின் நாயகி மோமோ உண்மையில் கியாருவே அல்ல. நீச்சல் வீராங்கனை, வெயிலில் தோல் கறுத்து, குளத்து நீரில் முடி வெளுத்துவிட்டது. அதற்கே ஊர் அவளை ஒழுக்கமற்றவள் என்று முடிவுகட்டுகிறது. வெளிறிய தோலும் இனிய குரலும் கொண்ட இன்னொருத்தி செய்யும் சூழ்ச்சிகள் எவர் கண்ணிலும் படுவதில்லை. 1998இல் 'ரிபோன்' என்ற சிறுமியர் இதழில் மிஹோனா ஃபுஜீ தொடங்கிய 'கேல்ஸ்!' இன்னும் துணிச்சலானது. நாயகி ரான், ஷிபுயாவின் தலைசிறந்த கியாரு தானே என்று பறைசாற்றுபவள், குடும்பமோ போலீஸ் குடும்பம். வயதான ஆண்களிடம் பணம் வாங்கிப் பழகப் போகும் பெண்ணை அவள் தடுத்து நிறுத்துகிறாள். அந்தப் பெண் பெற்றோர் நெருக்கடியில் மூச்சுத் திணறும் வகுப்பின் முதல் மாணவி. செய்தித்தாள் சொன்ன கதையை ஒரு சிறுமியர் மாங்கா தலைகீழாகத் திருப்பிப் போட்டது. ரானுக்குக் காதலனும் உண்டு, ஆனால் அவள் கதையின் மையம் தோழிகள்.

ஆண் வாசகர்களுக்கான கியாரு காதல் கதைகள் பெருகிய காலத்தையும் கவனிக்க வேண்டும். 'எக்' இதழ் 2014இல் நின்றுபோனது. தெருவில் அந்தத் தோற்றம் அருகிவிட்டிருந்தது. அதற்கு அடுத்த ஆண்டுகளில்தான் இந்த மாங்காக்கள் ஒன்றன்பின் ஒன்றாக வந்தன. நேரில் கண்டால் ஒதுங்கிப்போன பையன்கள், அவள் மறைந்தபிறகு அவளை அன்பானவளாக வரைந்துகொண்டார்கள் என்று தோன்றுகிறது. அச்சம் போனபிறகு வரும் ஏக்கம் அது. நிஜக் கியாருக்கள் முற்றிலும் போய்விடவில்லை. 'எக்' 2018இல் இணையத்தில் திரும்பி வந்தது. நினைத்ததைத் தயங்காமல் சொல்லும் அந்த மனப்பாங்கைக் 'கியாரு மைண்ட்' என்று பெயரிட்டு, அலுவலக ஆலோசனைக் கூட்டங்களுக்கு அவர்களை அழைத்துக் கருத்துக் கேட்கும் வழக்கமும் உண்டாகிவிட்டது. முப்பதாண்டுகளுக்கு முன் அவர்களைத் திட்டிய அதே வயதுக் கோட்டுக்காரர்கள் குறிப்பெடுத்துக்கொள்வதை நினைத்தால் சிரிப்பு வருகிறது.

வகைக்குள் வகைகள் நிறைய. தோலைக் கறுக்க வைத்தவள், வைக்காதவள், சீண்டுபவள், சமைக்கத் தெரியாதவள். காய் இகடாவின் 'ஹொக்கைடோ கேல்ஸ் ஆர் சூப்பர் அடோரபிள்' கதையில், டோக்கியோவிலிருந்து வந்திறங்கும் பையன் கிதாமி நகரத்தின் உறைபனியில், வெறுங்கால் தெரியும் குட்டைப் பாவாடையோடு பஸ்ஸுக்கு நிற்கும் மினாமியைச் சந்திக்கிறான். குளிராதா என்று கேட்பதைத் தவிர வேறு என்ன செய்வான்? அவள் வட்டார வழக்கில் பதில் சொல்கிறாள். ஷிபுயாவின் பிள்ளையான கியாருவுக்கு ஹொக்கைடோ மண்வாசனை சேர்த்தது நல்ல யோசனை.

புதிதாகப் படிக்க வருபவர்கள் மரினிலிருந்து தொடங்கலாம். பிறகு பின்னோக்கிப் போய் ரானைப் பாருங்கள், வேறுபாடு பளிச்சென்று தெரியும். ஒரு கியாரு பாத்திரம் ஆளாக எழுதப்பட்டிருக்கிறாளா, பரிசுப் பொருளாக எழுதப்பட்டிருக்கிறாளா என்று அறிய நான் பார்ப்பது நாயகன் இல்லாத பக்கங்களை. அவளுக்குத் தோழிகள் இருக்கிறார்களா, அவர்களோடு அவள் எதைப் பற்றிப் பேசுகிறாள், அந்த நகங்களுக்கு யார் காசு தருகிறார்கள், பகுதிநேர வேலைக்குப் போகிறாளா? மரின் பத்திரிகை மாடலாக வேலை செய்கிறாள், தனியாக வாழ்கிறாள், ஒழுங்காகச் சாப்பிடுவதில்லை, பிடித்த அனிமேயைப் பற்றி மூச்சுவிடாமல் பேசுகிறாள். கோஜோ கதையில் வராமலே போயிருந்தாலும் அவள் எப்படியாவது அந்த உடையைத் தைத்துப் போட்டிருப்பாள், கோணல்மாணலாக.